பின்சீட்டில் ஏறி உட்காருங்கள்: கிருஷ்ணகிரி மாவட்டப் பெற்றோருக்கு ஒரு மடல்

18 வயதைத் தொட்ட பிள்ளை வைத்திருக்கும் அப்பா அம்மாக்களுக்கு வணக்கம்.

காவேரிப்பட்டினத்திலிருந்து எழுதுகிறேன். அரசு பஸ்ஸில் 28 வருடம் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவன். என் பேரனுக்குப் போன மாதம் பைக்குக்கான எல்.எல்.ஆர்., அதாவது ஓட்டிப் பழகுவதற்கான லைசன்ஸ், வந்தது. அன்றிலிருந்து வீட்டில் ஒரே கேள்வி, "டெஸ்ட் எப்போ?" எல்.எல்.ஆர். 6 மாதம் செல்லும். ஆனால் 30 நாள் போன பிறகுதான் டெஸ்டுக்குப் போக முடியும். அந்த 30 நாளைப் பந்திக்கு இடம் பிடிக்கக் காத்திருப்பதுபோல் கழித்துவிடுகிறோமே, அதைச் சொல்லத்தான் இந்த மடல்.

பேரன் என்ன செய்தான்? டெஸ்டில் போட்டுக் காட்ட வேண்டிய எட்டை வறண்ட ஏரிக்குள் சுண்ணாம்பால் வரைந்தான். சாயங்காலமானால் அதே எட்டு. கால் ஊன்றாமல் போட இரண்டே நாளில் பழகிவிட்டான். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. சரி, எட்டு வந்துவிட்டது. அப்புறம்?

இந்த வயதில் எடுக்கும் லைசன்ஸ் 40 வயது வரைக்கும் செல்லும். அதாவது 22 வருடத்துக்கு யாரும் அவனைக் கூப்பிட்டு மறுபடி ஓட்டிக் காட்டச் சொல்லப்போவதில்லை. அவன் தப்பாகப் பழகினால் அந்தத் தப்போடுதான் ஓடிக்கொண்டிருப்பான்.

ஒரு நாள் நானே பின்னால் ஏறிக்கொண்டேன். இருவருக்கும் ஹெல்மெட். சர்வீஸ் ரோடு வரை ஒழுங்காகத்தான் வந்தான். "கண்ணாடியில என்னடா தெரியுது?" என்றேன். "என் மூஞ்சிதான் தாத்தா" என்றான். இரண்டு கண்ணாடியையும் உள்பக்கம் திருப்பி வைத்திருந்தான், தலை சீவ வசதியாக! பின்னால் மாங்காய் லோடு ஏற்றிய டிராக்டர் வந்துகொண்டிருந்தது அவனுக்குத் தெரியவே இல்லை.

மறுநாள் தெரிந்தவர் ஒருவரின் பஸ் நின்றிருந்த இடத்துக்குக் கூட்டிப்போனேன். அவன் பைக்கை முன் பம்பரின் இடது மூலையை ஒட்டி நிறுத்தச் சொல்லிவிட்டு, அவனை டிரைவர் சீட்டில் உட்காரவைத்தேன். "உன் வண்டி எங்கே, காட்டு" என்றேன். எட்டிப் பார்த்தான், கண்ணாடியில் பார்த்தான், பாதி எழுந்து நின்றும் பார்த்தான். பைக் தெரியவில்லை. பையன் முகம் மாறிப்போனது. சர்வீஸில் இருந்தபோது நான் எத்தனை ஆயிரம் தடவை ஹாரன் அடித்துத் திட்டியிருப்பேன்! அதெல்லாம் புரியவைக்காததை அந்த ஐந்து நிமிடம் புரியவைத்தது.

இது என் கண்டுபிடிப்பு ஒன்றுமில்லை. எல்.எல்.ஆர். வைத்திருப்பவர் ஓட்டும்போது லைசன்ஸ் உள்ள ஒருவர் சொல்லிக்கொடுக்க வண்டியில் கூடவே இருக்க வேண்டும், முன்னும் பின்னும் வெள்ளைப் பலகையில் சிவப்பு 'எல்' இருக்க வேண்டும் என்பது விதி. நம்மூரில் 'எல்' ஒட்டுவதோடு விதி முடிந்துவிடுகிறது. பின்சீட்டில் கூட்டாளி உட்கார்ந்திருக்கிறான், அவனுக்கும் லைசன்ஸ் கிடையாது.

18 ஆகாத பிள்ளைக்குச் சாவியைக் கொடுக்கிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. "ஸ்கூட்டிதானே, டியூஷனுக்குத்தானே" என்பீர்கள். 16 வயதில் ஓட்டலாம் என்பது 50 சிசிக்கு மேல் போகாத வண்டிக்கு மட்டும்; அதற்கும் லைசன்ஸ் வேண்டும், உங்கள் கையெழுத்தும் வேண்டும். உங்கள் வீட்டு வாசலில் நிற்பது 110 சிசி. மோட்டார் வாகனச் சட்டத்தில் 2019-இல் வந்த திருத்தத்தின்படி, அந்தப் பிள்ளை குற்றம் செய்தால் 25,000 ரூபாய் அபராதமும் 3 வருடம் வரை ஜெயிலும் பெற்றோருக்கோ வண்டிச் சொந்தக்காரருக்கோதான். வண்டியின் பதிவு 12 மாதத்துக்கு ரத்து. பிள்ளைக்கு 25 வயது வரை லைசன்ஸ் கிடையாது. வேலைக்கு ஓசூர் போய்வர வேண்டிய வயசு முழுக்க அதில் போய்விடும்.

அதனால், எல்.எல்.ஆர். வந்த வீட்டில் லைசன்ஸ் உள்ளவர் யாரோ அவர் தினம் அரை மணி நேரம் பின்னால் உட்காருங்கள். முதலில் ஊர்த் தெரு, பிறகு சந்தை நாளில் கடைவீதி, கடைசியாகத்தான் சர்வீஸ் ரோடு. எதிர்த்திசையில் 200 மீட்டர்தானே என்று அவன் திருப்பினால் இறங்கித் தள்ளிக்கொண்டு வரச் சொல்லுங்கள். நீங்களே அப்படிப் போகிறவராக இருந்தால், முதலில் அதை நிறுத்துங்கள். அவன் பார்த்துத்தான் பழகியிருக்கிறான்.

பேரனுக்கு அடுத்த வாரம் டெஸ்ட். நேற்று அவனே வந்து, "தாத்தா, ராத்திரியில ஓட்டிப் பார்க்கணும், எதிர்ல லைட் அடிச்சா கண்ணு கூசுது" என்றான். இன்று ஏழு மணிக்குக் கிளம்புகிறோம்.