காலக் கோபுரமும் நாழிகை வட்டிலும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் ஞாயிறு மலரின் சிறுவர் பகுதியில் மூன்று வாரங்களாக வெளிவரும் காலக் கோபுரத் தொடர்கதையை இரங்கூனில் என் பேத்திக்கு வாசித்துக் காட்டி வருகிறேன். தனக்கு மூப்பு வரக் கூடாது என்று ஓர் அரசர் விண்ணை முட்டக் கோபுரம் எழுப்புவதும், அதன் உச்சியிலுள்ள பல்சக்கரங்களை நிறுத்தியவுடன் பறவைகள் விரித்த சிறகோடு வானத்தில் அப்படியே நின்றுவிடுவதும் எங்கள் இருவருக்குமே பிடித்திருக்கின்றன. என் குறையெல்லாம் அந்தக் கோபுரத்துக்குள் வைத்திருக்கும் கடிகாரத்தைப் பற்றியதுதான்.

கதை ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு கீழைநாட்டில் நடப்பதாக முதல் வாரமே சொல்லிவிட்டார்கள். அப்படியிருக்க, பன்னிரண்டு எண்கள் எழுதிய முகப்பும் நிமிட முள்ளும் அங்கே எப்படி வந்தன? படத்தைப் பார்த்தால் எங்கள் ஊர் உயர் நீதிமன்றத்தின் சிவப்புச் செங்கல் மணிக்கூண்டுதான் நினைவுக்கு வருகிறது. அது வெள்ளையர் 1905இல் தொடங்கி 1911இல் முடித்த கட்டடம்.

காலத்தை ஆண்ட கோபுரம் ஒன்று எங்கள் நாட்டில் உண்மையாகவே இருந்தது. மின்டோன் மன்னர் 1857இல் நிறுவிய மாண்டலே நகரில், அரண்மனைக்குக் கிழக்கே பஹோசி என்னும் முரசுக் கோபுரம் நின்றது. பகலுக்கு நான்கு, இரவுக்கு நான்கு என்று நாளை எட்டாகப் பகுத்து, பகுதிக்கு ஒருமுறை அங்கே முரசறைவார்கள். காலை ஒன்பதுக்கு ஓர் அறை, உச்சிக்கு இரண்டு, பிற்பகல் மூன்றுக்கு மூன்று, அந்திக்கு நான்கு. இரவிலும் அதே முறைதான். 1885இல் தீபோ மன்னரை ஆங்கிலேயர் இரத்தினகிரிக்கு நாடுகடத்தி, அரண்மனை வளாகத்தையே தங்கள் டஃபரின் கோட்டையாக்கிக்கொண்டார்கள். 1945 மார்ச் மாதப் போரில் அரண்மனை எரிந்துபோனது. சுற்றுப் படிக்கட்டு ஏறும் காவல் கோபுரமும் நாணயச் சாலையும் மட்டுமே தப்பின. பள்ளிச் சுற்றுலாவில் அந்தக் காவல் கோபுரத்தைக் கண்டு வந்திருந்த என் பேத்தி, தங்கள் கதையின் முதல் வாரத்திலேயே, "தாத்தா, இது மாண்டலேயா?" என்று கேட்டாள்.

முரசு எப்போது ஒலிக்க வேண்டும் என்பதைச் சொன்னது நீர்தான். அடியில் ஊசித்துளை இட்ட செப்புக் கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டால், நீர் உள்ளே ஏறிக் கிண்ணம் மூழ்குவதற்குள் ஒரு நாயி கழியும். பர்மியருக்கு அறுபது நாயி ஒரு நாள். நமக்கு அறுபது நாழிகை ஒரு நாள். இரண்டும் இருபத்துநான்கு நிமிடம்தான். முரசுக்கு முரசு இடைப்பட்ட மூன்று மணி நேரமான அவர்களுடைய பஹோ நம்முடைய யாமம். பாலி மொழி வழியாக அவர்களுக்கு வந்த நாயி என்னும் சொல்லும் நம் நாழிகையும் உறவுச் சொற்களே. இன்றைக்கு மணி என்பதற்கும், கைக்கடிகாரத்துக்கும் பர்மிய மொழியில் நாயிதான். மணிக்கூண்டு என்றால் நாயிசின். (எங்கள் வீட்டுப் பிள்ளைகள் இச்சொல்லை முதன்முதலாகக் கேட்கும்போது நாயைத் தேடுவதும் நடப்பதுதான்.) சங்க நூலான முல்லைப்பாட்டில் பாசறைக்குள் பொழுதளப்பவர் பார்த்துச் சொல்லும் குறுநீர்க் கன்னலும் இதே வகைக் கருவிதான். இவ்வளவையும் கையில் வைத்துக்கொண்டு, தமிழில் எழுதும் கதாசிரியர் பல்சக்கரத்தை இரவல் வாங்கியிருக்க வேண்டியதில்லை.

கதைக்கும் இந்தத் துளையிட்ட கிண்ணம், அதாவது நாழிகை வட்டில்தான் பொருந்தும். கணித மேதை பாஸ்கராச்சாரியர் தம் மகள் லீலாவதியின் திருமண முகூர்த்தத்துக்காக வட்டில் வைத்ததாகவும், எட்டிப் பார்த்த பெண்ணின் அணியிலிருந்த முத்து ஒன்று விழுந்து துளையை அடைத்துவிட, கிண்ணம் மூழ்காமலே முகூர்த்தம் தப்பிப்போனதாகவும் ஒரு கதை வழங்குகிறது. தங்கள் அரசருக்கு ஆயிரம் சக்கரங்கள் எதற்கு? துளையில் ஓர் உருண்டை மெழுகு போதும். வட்டில் மூழ்காதவரை முரசு ஒலிக்காது. முரசு ஒலிக்காதவரை காவல் மாறாது, சந்தை கலையாது, சிறைப்பட்டவனின் தவணையும் தீராது.

இதை வெறும் கதையாக எண்ண என்னால் முடியவில்லை. 1942இல் இரங்கூனைப் பிடித்த ஜப்பானியர், பர்மாவின் கடிகாரங்களை இரண்டரை மணி முன்தள்ளி டோக்கியோ நேரத்துக்கு வைத்தார்கள். விடிவதற்குள் மணி எட்டரை ஆகிவிடும் என்று அப்போது சிறுவனாக இருந்த என் தந்தை சொல்வார். திங்கட்கிழமை ஏழரை முதல் ஒன்பது வரை இருக்க வேண்டிய இராகு காலம் கடிகாரத்தில் பத்துக்குத் தொடங்கி பதினொன்றரைக்கு முடிந்ததாம். என் பாட்டனார் கடிகாரத்தை ஒட்டிய சுவரில், "இரண்டரை கழிக்கவும்" என்று கரித்துண்டால் எழுதி வைத்திருந்தார். 1945 மே மாதம் ஆங்கிலேயர் திரும்பி வந்து பழைய நேரம் மீண்ட பிறகும், அந்த எழுத்தை அழிக்க அவருக்கு மனம் வரவில்லை. மறுபடி யாராவது வந்து முள்ளைத் திருப்பினால் என்ன செய்வது என்பாராம்.

அறிவியல் பற்றியும் ஒரு திருத்தம். கோபுரத்தின் உச்சியில் காலம் மெதுவாக நகர்வதாகச் சென்ற வாரம் எழுதியிருந்தார்கள். உண்மை தலைகீழானது. அதே டோக்கியோவிலுள்ள ஸ்கைட்ரீ கோபுரத்தில், தரைமட்டத்திலும் 450 மீட்டர் உயரத்திலும் ஸ்ட்ரான்சியம் அணுக்கடிகாரங்களை வைத்து ஜப்பானிய அறிஞர்கள் ஒப்பிட்டுப் பார்த்தார்கள். மேலே இருந்த கடிகாரம் நாளொன்றுக்கு ஒரு நொடியில் நூறு கோடியில் ஏறத்தாழ நான்கு பங்கு விரைந்து ஓடியது. 2020இல் வெளிவந்த இம்முடிவு, ஈர்ப்பு குறையும் இடத்தில் காலம் விரையும் என்ற ஐன்ஸ்டைனின் கணக்கோடு ஒத்துப்போனது. ஆகவே, இளமை காக்க விரும்பும் அரசர் கோபுரம் கட்டியதே பிழை. அவர் கிணறு வெட்டி உள்ளே இறங்கியிருக்க வேண்டும்.

தொடர் இன்னும் முடியவில்லை என்பதால் ஒரு வேண்டுகோள். வரும் வாரங்களில் அரசர் கோபுரத்தின் அடித்தளத்துக்கு வரும்படி நேர்ந்தால், அங்கே ஒரு செப்பு வட்டிலை வைக்கும்படி கதாசிரியரிடம் சொல்லுங்கள். மெழுகை யார் வைத்தது என்பதை என் பேத்தி இப்போதே ஊகித்துவிட்டாள். எனக்குத்தான் சொல்ல மறுக்கிறாள்.

இப்படிக்கு,
இரங்கூன் வாசகர் ஒருவர்