ஏரி இல்லாத ஏரிக்கரை

அன்புள்ள பாண்டி,

லாஸ் ஏஞ்சலிஸ் வந்து இரண்டு மாதமாகிவிட்டது. முட்டிவலி பரவாயில்லை, பேத்தி நடக்க ஆரம்பித்துவிட்டாள். போன வாரம் மகன் வடக்கே ஓவன்ஸ் பள்ளத்தாக்குக்குக் காரில் கூட்டிப்போனான். மேற்கே பனி மலை, கீழே ஓவன்ஸ் ஏரி என்று பெயர்ப்பலகை. ஏரியைத்தான் காணோம். உப்பு படிந்த பொட்டல்.

1905 வாக்கில் இந்த நகரத்தின் முன்னாள் மேயர் பிரெட் ஈட்டன் அங்கே போய் ஆற்றோர நிலங்களைத் தண்ணீர் உரிமையோடு வளைத்துப்போட்டிருக்கிறார். அரசாங்கம் தங்களுக்குப் பாசனத் திட்டம் கொண்டுவரப்போகிறது என்று நம்பி விவசாயிகளும் விற்றிருக்கிறார்கள். 1913-இல் அந்த ஆற்றுத் தண்ணீரை லாஸ் ஏஞ்சலிஸுக்குக் கொண்டுவரும் கால்வாய் திறந்தாயிற்று. 233 மைல், ஒரு பம்பு கிடையாது, முழுக்க வாட்டத்திலேயே ஓடி வருகிறது. நீ பார்த்தால் அசந்துபோவாய். திறப்பு விழாவில் பொறியாளர் முல்ஹாலந்து பேசியதே அவ்வளவுதான்: "இதோ இருக்கிறது, எடுத்துக்கொள்ளுங்கள்." பதின்மூன்றே வருடத்தில் ஏரி வறண்டுபோனது. தூசி பறந்து ஊரார் மூச்சு முட்டியதில், இப்போது அந்தப் படுகையை நனைத்துவைக்க நகரமே தண்ணீர் விடுகிறது!

சும்மா விடவில்லை அந்த விவசாயிகளும். 1924 நவம்பரில் எழுபது பேர் போய் கால்வாயின் அலபாமா மதகைப் பிடித்துத் தண்ணீரைத் திருப்பிவிட்டார்கள். நாலு நாள் பெண்டு பிள்ளைகளோடு அங்கேயே சமைத்துச் சாப்பாடு, திருவிழா மாதிரி. கால்வாய்க்கு வெடியும் வைத்தார்கள். 1927-இல் போராட்டத்தை முன்னின்று நடத்திய அண்ணன் தம்பி இருவரின் வங்கி திவாலானது, கையாடல் வேறு. அதோடு அடங்கிவிட்டது.

ஆனாலும் அந்த விவசாயிகளுக்காக முழுசாக வருத்தப்பட முடியவில்லை. அவர்களுக்கு முன்பே பையூட் பழங்குடியினர் அங்கே வாய்க்கால் வெட்டிப் பயிர் வளர்த்திருக்கிறார்கள். 1863-இல் ராணுவம் அவர்களில் 900 பேருக்கு மேல் பள்ளத்தாக்கை விட்டே நடத்திக் கூட்டிப்போனது. அந்த இடத்தில்தான் இந்த விவசாயிகள் பண்ணை போட்டார்கள்.

திரும்பும்போது மகனிடம் கேட்டேன், "பெரியாற்றுத் தண்ணீர் குடித்து வளர்ந்தோமே, மலைக்கு அந்தப் பக்கத்துக்காரன் என்ன நினைப்பான் என்று ஒரு நாளாவது யோசித்தோமா?" வண்டி ஓட்டிக்கொண்டே சண்டைக்கு வந்துவிட்டான். "அப்பா, அது 1886-இல் 999 வருடத்துக்குக் குத்தகை எழுதி வாங்கியது, அது வேற." நீயும் அதையேதான் சொல்வாய், தெரியும்.

சரி, முதல் போகம் நடவு முடிந்ததா? மேல்மடைக்காரர் இன்னும் ராத்திரியில் மண்வெட்டியோடு வருகிறாரா? எழுது.

உன்,
முருகேசன்