கடலைப் பார்க்க இருட்டு வேண்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். கடற்கரையை அழகுபடுத்தப் போகிறார்கள் என்று செய்தி வந்தால் அதில் நடைபாதை, இருக்கை, செல்ஃபி மேடை, உயர்கோபுர மின்விளக்கு நான்கும் தவறாமல் இருக்கும். முதல் மூன்றோடு சண்டையில்லை. நான்காவதுதான் காரியத்தைக் கெடுக்கிறது. மாலையில் கடலோரம் வந்து உட்காருகிறவர்களில் பாதிப் பேருக்கு அங்கே வேறு வேலையே இல்லை; சற்றுநேரம் பேசாமல் கடலைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும், அவ்வளவுதான். கடலோர நிலமான நெய்தலுக்கு, வெயில் சாயும் நேரமான எற்பாட்டைப் பொழுதாகவும் இரங்கலை உரிப்பொருளாகவும் வைத்த மரபு நம்முடையது. அந்தப் பொழுது சாய்ந்த கையோடு தலைக்கு மேல் வெள்ளை எல்இடி எரியத் தொடங்கினால் மணல் தெரியும், சுண்டல் வண்டி தெரியும். கடல் மட்டும் கறுப்புத் திரையாகிவிடும்.

கண் இருட்டுக்குப் பழக 20 முதல் 30 நிமிடம் பிடிக்கும். பழகிய கண்ணில் வெள்ளை வெளிச்சம் ஒருமுறை நேராகப் பட்டால் அந்தப் பழக்கத்தில் பெரும்பகுதி போய்விடும். மறுபடி காத்திருக்க வேண்டும். 2019 ஆகஸ்ட் 18 இரவு சென்னையில் நடந்ததை நினைத்துப் பாருங்கள். திருவான்மியூர், பெசன்ட் நகர் பக்கம் அலைகள் நீலமாக ஒளிர்ந்தன. செய்தி பரவியதும் கூட்டம் திரண்டது. ஆனால் கையில் டார்ச்சோடும் செல்போன் ஃபிளாஷோடும் நின்றால் அதைப் பார்க்க வழியே இல்லை.

ஒளிர்வது நாக்டிலூகா என்ற ஒற்றைச்செல் உயிரி. அரை மில்லிமீட்டர் முதல் ஒரு மில்லிமீட்டர் வரை இருக்கும். பகலில் கண்ணாடி டம்ளரில் அள்ளிப் பார்த்தால் மிகப் பொடியான ஜவ்வரிசி மிதப்பது போலத் தெரியும். அலை உடையும்போதோ கால் படும்போதோ அதன் மேலுறை நெளிகிறது. உடனே செல்லுக்குள் இருக்கும் நுண்ணிய பொட்டலங்களில் அமிலத்தன்மை ஏறி, லூசிஃபெரின் என்ற பொருள் வினைபுரிந்து மின்னுகிறது. ஒரு மின்னல் ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்குகூட நீடிக்காது. நிறம் நீலம், அலைநீளம் ஏறக்குறைய 470 நானோமீட்டர். தெருவிளக்குகளில் மாட்டும் வெள்ளை எல்இடியின் நீல ஒளி உச்சமும் 450 பக்கத்தில்தான். நிறம் கிட்டத்தட்ட ஒன்று, பலத்திலோ மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம். பிறகு கடலின் நீலம் எப்படிக் கண்ணில் படும்?

பார்க்க விரும்புகிறவர்கள் விளக்குக்கு முதுகைக் காட்டி, படகு மறைவிலோ கட்டுமர நிழலிலோ உட்கார்ந்து, போனை அணைத்துவிட்டு 20 நிமிடம் பொறுக்க வேண்டும். அலை வடிந்த ஈரமணலைக் காலால் தேய்த்தால் பொறி பறக்கும். பறக்காவிட்டால் ஒரு பாட்டிலில் கடல்நீர் மொண்டு, பத்து நிமிடம் ஆடாமல் இருட்டில் வைத்துவிட்டுக் குலுக்கிப் பார்க்கலாம். விடாமல் குலுக்கிக்கொண்டே இருந்தால் ஒளி மங்கிவிடும். செல்லில் இருந்த சரக்கு தீர்ந்துவிடுகிறது. பத்திரிகைப் படங்களில் வரும் பளீர் நீலத்தையும் எதிர்பார்க்க வேண்டாம். அவை பத்து நொடி, இருபது நொடி ஷட்டரைத் திறந்து வைத்து எடுத்தவை. வெறுங்கண்ணுக்குத் தெரிவது நீலம் கலந்த வெளிறிய வெண்மை. அதுவே போதும் என்பது என் கட்சி.

அழகு என்று மட்டும் எழுதி நிறுத்திவிடவும் கூடாது. 2019 செப்டம்பரில் மன்னார் வளைகுடாவில், மண்டபம், பாம்பன் பக்கம் இதே உயிரி பெருகிக் கடல் பச்சையானது. அங்கே அதற்குப் பூங்கோரை என்று பெயர். கூட்டமாகச் செத்து அழுகும்போது நீரில் ஆக்சிஜன் வற்றுகிறது, அம்மோனியா கலக்கிறது. அந்த முறை மீன்கள் செத்து ஒதுங்கின. ஆகவே ஒளிரும் நீரில் முங்கிக் குளிப்பது வேண்டாம், தோல் அரிக்கலாம். செத்து ஒதுங்கிய மீனைச் சமையலுக்கு எடுக்கவே கூடாது.

இனி விளக்கு. இருட்டாக விட்டால் பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் பாதுகாப்பு ஏது என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. வெளிச்சமே கூடாது என்பதல்ல கோரிக்கை. அது நடைபாதையில் விழட்டும், கடல்மேல் விழ வேண்டாம். உயரத்திலிருந்து அடிக்கும் கூசும் ஒளியில் படகுகளுக்குப் பின்னால் நிழல் இன்னும் கறுக்கும். எதிரே வருகிறவர் முகம்கூடத் தெரியாது. இடுப்பு உயரத்துக்கு மேற்படாத கம்பம், கீழ்நோக்கி மட்டும் ஒளி விடும் மூடி, 590 நானோமீட்டர் அளவில் எரியும், நீலம் கலக்காத மஞ்சள் நிற ஆம்பர் எல்இடி, நெருக்கமான இடைவெளி என்று வைத்தால் பாதை நன்றாகவே தெரியும். வெள்ளை விளக்கையே மங்கலாக்கி வைப்பது அரைகுறை வேலை. நீலம் அப்படியே இருக்கும். மஞ்சள் தாள் ஒட்டுவதும் உப்புக் காற்றிலும் வெயிலிலும் சில மாதங்களில் வெளுத்து உரிந்துவிடும். மூடியைச் சாதாரண இரும்பில் செய்தால் துருப்பிடித்துக் கழன்று தொங்கும். ஃபைபரிலோ அலுமினியத்திலோ செய்து, 316 ரகத் துருப்பிடிக்காத எஃகு போல்ட்டுகளால், நடுவே நைலான் வாஷர் கொடுத்து முடுக்க வேண்டும். வாஷர் இல்லையென்றால் இரண்டு உலோகமும் ஒட்டும் இடத்தில் அலுமினியம் அரித்துப் பொடியாகும்.

சரியாக வைத்திருக்கிறார்களா என்று சோதிக்கக் கருவி எதுவும் தேவையில்லை. அமாவாசையை ஒட்டிய இரவில் அலை தொடும் இடத்தில் நின்று ஊர்ப்பக்கம் திரும்புங்கள். பல்பே கண்ணில் பட்டால் மூடி சரியில்லை. பிறகு கடல்பக்கம் திரும்புங்கள். உங்கள் நிழல் ஈரமணலில் விழுந்தால் வெளிச்சம் அதிகம்.

பங்குனி ஆமைக் குஞ்சுகளும் கிட்டத்தட்ட இதே சோதனையைத்தான் செய்கின்றன. ஜனவரி முதல் மார்ச் வரை தாய் ஆமைகள் கரையேறி, ஒன்றரை அடி ஆழக் குழியில் நூறு முட்டைக்கு மேல் இடும். 45 முதல் 60 நாளில், மணல் குளிர்ந்த இரவில் குஞ்சுகள் மேலே வரும். இயற்கையான கரையில் நிலத்தைவிடக் கடல்தான் வெளிச்சம். அந்த வெளிச்சத்தை நோக்கியே அவை நடக்கும். விளக்கு எரிந்தால் சாலைப்பக்கம் திரும்பிவிடும். சென்னையில் தன்னார்வலர்கள் இரவெல்லாம் நடந்து முட்டைகளைப் பொரிப்பகத்துக்கு மாற்றுகிறார்கள் என்றாலும், அவர்கள் கண்ணில் படாத குழிகளும் உண்டு. குஞ்சுகள் திசைமாறிப் போவதைக் கண்டால் டார்ச் அடிக்காதீர்கள். விளக்குக்கும் குஞ்சுகளுக்கும் நடுவே நின்று உங்கள் நிழலால் மறையுங்கள், வனத்துறைக்குச் சொல்லுங்கள்.

ஆமைக் காலத்தில் இரவு 11 மணிக்கு மேல் விளக்கணைத்தால் போதும் என்றொரு சமாதானம் உண்டு. ஆமைக்கே அது அரைகுறை. 11 மணிக்கு முன்பு வெளிவரும் குஞ்சுகள் என்ன செய்யும்? குடும்பத்தோடு வருகிறவர்களோ எட்டரைக்கே எழுந்து போய்விடுகிறார்கள். 11 மணிக்கு முன்பே பார்க்க வேண்டியது வானத்திலும் உண்டு. பிப்ரவரி நடுவில் இரவு 9 மணி வாக்கில் சென்னைக் கரையில் நின்று வலக்கைப்பக்கம், நேர் தெற்கே பார்த்தால் அகத்திய நட்சத்திரம் நிற்கும். கையை நீட்டிப் பிடித்து, தொடுவானத்திலிருந்து இரண்டரை முஷ்டி உயரம். வானத்தின் இரண்டாவது பிரகாசமான நட்சத்திரம் அது. டெல்லியில் இருப்பவர்களுக்குத் தொடுவானத்தை ஒட்டி எட்டிப் பார்த்துவிட்டுப் போகும். நமக்கு இவ்வளவு உயரத்தில் கிடைத்திருக்கிறது, நடுவில் விளக்குக் கம்பம்.

உங்கள் நாளிதழுக்கும் ஒரு வேண்டுகோள். தினமும் நல்ல நேரம், இராகு காலம், எமகண்டம் போடும் பெட்டியில் சந்திரோதயம், அஸ்தமனம் என்று ஒரு வரி சேர்க்க முடியுமா? சந்திரன் நாளுக்குச் சுமார் 50 நிமிடம் தள்ளி எழுகிறது. பௌர்ணமி கழிந்த நான்காம் நாள் அது எழ ஒன்பதை ஒட்டிவிடும். அன்றைக்கு ஏழரையிலிருந்து ஒன்றரை மணி நேரம் இருட்டு கிடைக்கும். அன்று தொடங்கி மூன்றாம் பிறை வரை, மேகம் இல்லாத எந்த மாலையும் சரிப்படும்.

இப்படிக்கு,
வாசகர்,
திருவான்மியூர், சென்னை