இறந்தவர் எங்கே?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

பழைய செய்திப் பதிவுகளைத் தேடியெடுத்து, உண்மையில் நடந்த குற்றங்களை ஆவணப்படமாக்கும் இயக்குநர்கள் பற்றி உங்கள் ஞாயிறு பதிப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். நல்ல கட்டுரைதான். ஆனால் ஒரு விஷயம் விடுபட்டுவிட்டது. அன்று கேமரா எதைப் பார்க்க விரும்பியதோ, அதுதான் இன்று காப்பகத்தில் இருக்கிறது. கொலை வழக்குகளில் அது பெரும்பாலும் குற்றம் சாட்டப்பட்டவரின் முகம்.

மோனா ஃபேண்டி வழக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். 1993-இல் மலேசியாவின் பகாங் மாநிலத்தில் பத்து தாலாம் சட்டமன்ற உறுப்பினர் மஸ்லான் இட்ரிஸ் கொல்லப்பட்டார். அவரைக் கொன்ற குற்றத்துக்காக மோனா, அவர் கணவர், உதவியாளர் மூவரும் 2001 நவம்பரில் காஜாங் சிறையில் தூக்கிலிடப்பட்டார்கள். இன்று அந்த வழக்கைப் பற்றிப் பேச்செடுத்தால், பளிச்சென்று உடுத்திக்கொண்டு நீதிமன்றத்துக்கு வந்து கேமராவைப் பார்த்துச் சிரித்த மோனாதான் எல்லாருக்கும் நினைவுக்கு வருகிறார். மஸ்லானின் முகம் எத்தனை பேருக்குத் தெரியும்? அவர் எப்படிப் பேசுவார், தொகுதி மக்களோடு எப்படிப் பழகினார்? மோனா ஒரு காலத்தில் பாடகி. அந்தச் சிரிப்பையே திரும்பத் திரும்ப ஓட்டும் படம், அவருக்கு இன்னொரு மேடை போட்டுக் கொடுக்கிறது. எனக்கு இது மனசுக்கு ஒப்பவே இல்லை.

வேறு மாதிரியும் செய்யலாம். முன்னாள் மனைவி நிக்கோல் பிரௌனைக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்ட அமெரிக்கக் கால்பந்து வீரர் ஓ.ஜே. சிம்சன் பற்றி எஸ்ரா எடல்மன் 2016-இல் எடுத்த ஆவணப்படம் ஏழரை மணி நேரத்துக்கும் மேல் ஓடும். அந்த வழக்கு விசாரணை 1995-இல் தொலைக்காட்சியில் நேரலையாகவே ஒளிபரப்பானது, அதனால் நீதிமன்றக் காட்சிகளுக்குப் பஞ்சமே இல்லை. எடல்மன் அதோடு நின்றுவிடவில்லை. லாஸ் ஏஞ்சலஸ் போலீசாருக்கும் கறுப்பின மக்களுக்கும் இடையே பல காலமாகப் புகைந்த பகையைப் பழைய செய்திச் சுருள்களிலிருந்து காட்டுகிறார். 1991-இல் ராட்னி கிங் என்ற கறுப்பினத்தவரைப் போலீசார் அடித்தபோது, ஒருவர் தன் வீட்டு பால்கனியிலிருந்து எடுத்த வீடியோவும் உண்டு. அப்புறம், நிக்கோல் பிரௌன் போலீசுக்குப் போன் செய்து உதவி கேட்ட ஒலிப்பதிவு. 1994-இல் அவர் கொல்லப்படுவதற்கு முன் பயந்து பேசிய குரல் அது. செய்திக் கேமரா எதுவும் பதிவு செய்யாத ஒன்று. இப்படி ஒன்றைத் தேடிப் பிடிப்பதுதான் ஆவணப்பட இயக்குநரின் வேலை என்று நினைக்கிறேன்.

நம் நாட்டில் இந்தத் தேடல் இன்னும் கடினம். தொலைக்காட்சியே 1963 டிசம்பரில்தான் வந்தது. அதன் பிறகும், தோட்டத்தில் ஒரு தமிழர் கொல்லப்பட்டால் கேமரா அங்கே போய்ச் சேர்ந்தது அபூர்வமாகத்தான் இருக்கும். அந்தச் செய்திகளைத் தமிழ்ப் பத்திரிகைகளில்தான் தேட வேண்டும். 1924-இல் தொடங்கிய தமிழ் நேசன் 2019-இல் நின்றுபோனது. ஒரு பத்திரிகை நின்றால் அதன் படங்களும் நிருபர்களின் குறிப்புகளும் சிதறிப்போகலாம்.

இளம் இயக்குநர்கள் படமெடுக்கும் முன் இறந்தவரின் வீட்டாரைப் போய்ப் பார்க்க வேண்டும், அவர்கள் சம்மதத்தையும் கேட்க வேண்டும். உங்களிடம் ஒரு வேண்டுகோள். அலுவலகத்தில் பழைய படங்கள் இருந்தால், தேதி, இடம் எழுதி தேசிய ஆவணக் காப்பகத்திடம் ஒரு பிரதி கொடுங்கள். இதை அடுத்த ஆண்டுக்குத் தள்ளிப்போடாதீர்கள்.

இப்படிக்கு,
வாசகர்,
செந்தூல், கோலாலம்பூர்