பேருந்து நிலையக் கடைகளில் புதுப்படம் ஏற்றி விற்பதைத் தடுக்கக் கோரி நான்காவது மனு

பெறுநர்: உயர்திரு மாவட்ட ஆட்சியர் அவர்கள்
அனுப்புநர்: திரையரங்கு ஆபரேட்டர் (31 ஆண்டுப் பணி)

மதிப்பிற்குரிய ஐயா, வணக்கம்.

1. டவுன் பஸ் நிற்கும் வரிசைக்கு எதிரேயுள்ள செல்போன் கடைகளைத் தாங்கள் அறிவீர்கள். வெள்ளிக்கிழமை வெளியாகும் படம் சனிக்கிழமை மாலைக்குள் அங்கே மெமரி கார்டிலும் பென் டிரைவிலும் ஏறிவிடுகிறது. விலை 30 ரூபாய். மன்னார்குடி பஸ் கிளம்புவதற்குள் கையில் கொடுத்துவிடுகிறார்கள்.

2. எங்கள் கொட்டகை முன்பு நாடகக் கொட்டகையாக இருந்தது. அந்த மேடைமீதுதான் இன்றும் திரை நிற்கிறது. அறுவடைக் கூலி வாங்கிய கையோடு வலங்கைமானிலிருந்தும் நாச்சியார்கோயிலிலிருந்தும் குடும்பம் குடும்பமாக வருவார்கள். 2004 மகாமகத்தின்போது வெளியூர்க்காரர்கள் இரவுக் காட்சி முடிந்து வராந்தாவிலேயே படுத்துக்கொண்டார்கள். இன்று மதியக் காட்சிக்குப் பத்துப் பேர் தேறுவதில்லை. இடித்துக் கல்யாண மண்டபம் கட்டலாம் என்கிறார் முதலாளி.

3. ஐயா, என்னை அதிகம் வாட்டுவது வேறொன்று. டிஜிட்டல் படத்தில் கண்ணுக்குத் தெரியாத குறியீடு உண்டு. திரையரங்கில் எடுத்த திருட்டுப் பிரதியை ஆராய்ந்தால், எந்த அரங்கு, எந்த நாள், எந்த நேரம் என்று கண்டுபிடிக்கலாம். அந்த ஆராய்ச்சி எதுவும் செய்யாமல், தீபாவளிக்கு மறுவாரம் விநியோகஸ்தரின் ஆள் நேரே என் கேபினுக்குள் வந்தார். கைப்பேசியைக் கேட்டார், கொடுத்தேன். டிக்கெட் கொடுக்கும் பெண்ணும் கேன்டீன் பையனும் பார்த்துக்கொண்டிருக்க, என் பேத்தியின் காதுகுத்துப் படங்களை ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்தார். சாப்பாட்டுப் பையையும் கொட்டச் சொன்னார். ஒன்றும் கிடைக்கவில்லை. ஒரு வார்த்தை சொல்லாமல் இறங்கிப் போய்விட்டார். அன்றுமுதல் கைப்பேசியைக் கவுன்ட்டரில் ஒப்படைத்துவிட்டுத்தான் படியேறுகிறேன். பிலிம் காலத்தில் ரயிலடியிலிருந்து படப்பெட்டியைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு வந்தவன் நான். ஒரு ரீல் தவறியதில்லை. திருட்டுப் படம் விற்கிறவர்கள் நடைபாதையில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்களை யாராவது ஒருநாள் பையைக் கொட்டச் சொன்னதுண்டா?

4. சட்டம் இல்லையென்றால் மனம் ஆறிவிடும். 2004-லேயே வீடியோ திருட்டைத் தமிழ்நாடு அரசு குண்டர் சட்டத்துக்குள் கொண்டுவந்தது. பதிப்புரிமைச் சட்டம் 64-ஆம் பிரிவின்படி உதவி ஆய்வாளரே வாரன்ட் இல்லாமல் பிரதிகளைக் கைப்பற்றலாம். ஒளிப்பதிவுச் சட்டத்தின் 2023 திருத்தத்தில் குறைந்தது 3 மாதச் சிறையும் 3 லட்சம் ரூபாய் அபராதமும் உண்டு. இத்தனையும் எழுதி மூன்று திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் வரிசையில் நின்று கொடுத்தேன். 'உரிய துறைக்கு அனுப்பப்பட்டுள்ளது' என்ற ஒரே வரிதான் மூன்று முறையும் வந்தது. அந்தத் துறை எங்கேதான் இருக்கிறது, ஐயா?

5. ஒரு சனிக்கிழமை மாலை, ஒரு மணி நேரம், அந்தக் கடை வரிசைக்கு ஓர் உதவி ஆய்வாளரை அனுப்புங்கள். கம்ப்யூட்டரைத் திறந்து பார்க்கட்டும். கிடைக்கும் பிரதியை ஆய்வுக்கு அனுப்பட்டும். எங்கள் அரங்கின் குறியீடு அதில் இருந்தால் முதலில் என்னையே விசாரிக்கட்டும். நான் எங்கும் ஓடமாட்டேன்.

6. அனுப்புங்கள், ஐயா. பொங்கல் படம் வெளியாகும் வாரத்திலாவது அனுப்புங்கள்.

இப்படிக்கு,
தங்கள் பணிவுள்ள,
(ஒப்பம்)

இணைப்பு: முந்தைய மனுக்களின் ஒப்புகைச் சீட்டு நகல்கள் – 3