தச்சர் மகன் லிங்கனுக்காக ஒரு திறந்த மடல்

தன்னம்பிக்கை நூல்களை வெளியிடும் பதிப்பாளர்களுக்கும், பள்ளி விழாக்களிலும் மேடைகளிலும் அமெரிக்க அதிபர்களின் கதைகளைச் சொல்லிவரும் பேச்சாளர்களுக்கும் வணக்கம்.

சென்ற மாதம் என் பேத்தி பள்ளிப் பேச்சுப் போட்டிக்காக ஆபிரகாம் லிங்கனைப் பற்றி இரண்டு பக்கங்களை மனப்பாடம் செய்துகொண்டிருந்தாள். நூல் ஒன்றிலிருந்து எடுத்தெழுதிய அந்தத் தாளில், லிங்கன் செருப்புத் தைப்பவரின் மகன் என்றும், வாழ்நாளெல்லாம் தோற்றுக்கொண்டே இருந்து கடைசியில் அதிபர் தேர்தலில் மட்டும் வென்றவர் என்றும், தம் மகனின் ஆசிரியருக்கு உலகப் புகழ்பெற்ற கடிதம் ஒன்றை எழுதியவர் என்றும் இருந்தது. இவை மூன்றையும் கேட்டு நானும் கைதட்டியிருக்கிறேன். நூலகராகப் பணியாற்றிய காலத்தில் அந்தக் கடிதத்தை அறிவிப்புப் பலகையில் ஒட்டியும் வைத்திருக்கிறேன். இந்தக் குறையில் எனக்கும் பங்கு உண்டு என்பதை ஒப்புக்கொண்டுதான் இதை எழுதுகிறேன்.

லிங்கனின் தந்தை தாமஸ் லிங்கன் தச்சர், உழவரும்கூட. கென்டக்கியில் நிலம் வாங்கி, அதில் வில்லங்கம் கிளம்பி, வழக்குகளில் அலைக்கழிந்து, 1816-இல் குடும்பத்தோடு இண்டியானாவுக்குக் குடிபெயர்ந்தவர். அந்தக் குடிபெயர்வுக்கு அடிமைமுறை ஓரளவு காரணம் என்றும், நில உரிமைச் சிக்கலே முதன்மைக் காரணம் என்றும் லிங்கனே 1860-இல் எழுதிய தன்வரலாற்றுக் குறிப்பில் சொல்லியிருக்கிறார். மேடைக் கதையிலோ, லிங்கன் அதிபரான முதல் நாளில் செனட் உறுப்பினர் ஒருவர் எழுந்து, 'உன் தந்தை எங்கள் வீட்டுக்குச் செருப்புத் தைத்தவர்' என்று ஏளனம் செய்கிறார். 1861 மார்ச் 4 அன்று லிங்கன் பதவியேற்றது நாடாளுமன்றக் கட்டடத்தின் கிழக்கு முகப்பில், திறந்த வெளியில், திரண்டிருந்த மக்கள் முன்னிலையில். அமெரிக்க அதிபர் அவையில் அமர்ந்து உறுப்பினர்களோடு சொல்லாடுபவரும் அல்லர். 1801 முதல் 1913 வரை அதிபரின் ஆண்டு உரைகூட எழுத்து வடிவில்தான் அனுப்பப்பட்டது.

இந்தக் கதை தமிழ் மேடையில் ஏன் இவ்வளவு ஆழமாக வேர்விட்டது என்பது எனக்குப் புரியாமல் இல்லை. செருப்புத் தைப்பது என்று சொன்னவுடன் நம் ஊரில் ஒரு தொழிலோடு ஒரு சாதியும், ஒரு தெருவும், ஒரு நீண்ட அவமதிப்பும் நினைவுக்கு வந்துவிடுகின்றன; அதற்கு எதிராக ஓர் அதிபரின் வாயிலிருந்து பதில் வரவேண்டும் என்று நாம் ஆசைப்பட்டோம். நல்ல ஆசைதான். ஆனால் கைத்தொழில் செய்து உயர்ந்த அதிபர்தான் வேண்டும் என்றால், லிங்கனுக்குப் பின் பதவிக்கு வந்த ஆண்ட்ரூ ஜான்சன் டென்னசியில் தையல் கடை வைத்திருந்தவர். பள்ளிக்கூடத்தில் ஒரு நாளும் படிக்காதவர். அவரை ஏன் ஒருவரும் மேடைக்கு அழைப்பதில்லை? விடுதலை பெற்ற கறுப்பின மக்களுக்குக் குடியுரிமை வழங்கும் 1866-ஆம் ஆண்டுச் சட்டத்தைத் தம் தடையதிகாரத்தால் மறுத்தவர் அவர். 1868-இல் பதவிநீக்க விசாரணையில் ஒரே ஒரு வாக்கில் தப்பியவர். ஏழ்மையில் பிறந்ததையே பெருமையின் சான்றாகக் காட்டும் பேச்சுகளுக்கு அவர் உதவமாட்டார்.

தோல்விப் பட்டியலுக்கு வருகிறேன். 1832-இல் இல்லினாய் சட்டமன்றத்துக்குப் போட்டியிட்ட 13 பேரில் லிங்கன் எட்டாவதாக வந்தார் என்பது உண்மை. அவரை அறிந்த நியூ சேலம் ஊர்ச் சாவடியில் பதிவான 300 வாக்குகளில் 277 அவருக்கே கிடைத்தன என்பதும் உண்மை. பட்டியலில் இதற்கு இடமில்லை. 1834, 1836, 1838, 1840 என்று அடுத்தடுத்து நான்கு முறை அதே சட்டமன்றத்துக்கு அவர் வென்றதற்கும் இடமில்லை. 1848-இல் நாடாளுமன்றத் தேர்தலில் தோற்றார் என்று எழுதுகிறீர்கள். அப்போது நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த அவர் அந்த ஆண்டு மறுபடி நிற்கவே இல்லை, தொகுதியில் ஆளுக்கு ஒரு தவணை என்பது அவருடைய கட்சிக்காரர்களுக்குள் இருந்த ஏற்பாடு. 1855-இல் செனட் பதவிக்குத் தமக்கு வாக்குப் போதாது என்று கண்டதும், தம் ஆதரவாளர்களை, அடிமைமுறை பரவுவதை எதிர்த்த மற்றொரு வேட்பாளரான லைமன் ட்ரம்புல் பக்கம் திருப்பி, அடிமைமுறை பரவ வழிவிட்ட அணி வெல்லாமல் தடுத்தார். இதைத் தோல்விக் கணக்கில் எழுதுபவருக்கு அரசியல் தெரியாது என்றுதான் சொல்ல வேண்டும்.

இடையில் இருந்த வழக்கறிஞர் லிங்கன் உங்கள் நூல்களில் அநேகமாக இல்லவே இல்லை. கூட்டாளிகளோடு சேர்ந்து 5,000-க்கும் மேற்பட்ட வழக்குகளைக் கையாண்டவர்; இல்லினாய் சென்ட்ரல் ரயில் நிறுவனத்துக்காக வாதாடிவிட்டு, கட்டணம் வராதபோது அந்த நிறுவனத்தின் மீதே வழக்குத் தொடுத்து 5,000 டாலர் பெற்றவர்; மணல்திட்டில் சிக்கும் படகுகளை மிதக்கவைக்கும் கருவிக்கு 1849-இல் காப்புரிமை வாங்கியவர். அதே லிங்கன் 1847-இல், விடுதலை கோரிய ஒரு கறுப்பினத் தாயையும் அவள் பிள்ளைகளையும் மீட்டுத் தரும்படி கேட்ட ராபர்ட் மேட்சன் என்ற அடிமை உடைமையாளருக்காக நீதிமன்றத்தில் நின்றார். வழக்கில் தோற்றார், அந்தக் குடும்பம் விடுதலை பெற்றது. அவர் தோற்றதற்காக நாம் மகிழ வேண்டிய இந்தத் தோல்வியைப் பட்டியலில் சேர்க்க உங்களுக்குத் துணிவு இருக்கிறதா என்று கேட்கத் தோன்றுகிறது. 1863 ஜனவரி முதல் நாள் விடுதலைப் பிரகடனத்தில் கையொப்பமிட்டவர் இங்கிருந்து அங்கே எப்படி வந்து சேர்ந்தார் என்பதுதான் பிள்ளைகளுக்குச் சொல்லத்தக்க கதை.

கடைசியாக அந்தக் கடிதம். அதில் தேதி இல்லை, பள்ளியின் பெயர் இல்லை, ஆசிரியரின் பெயரும் இல்லை. 1953-இல் எட்டுத் தொகுதிகளாக வெளிவந்த லிங்கனின் எழுத்துத் தொகுப்பிலும் அது இல்லை. அத்தொகுப்பை மிச்சிகன் பல்கலைக்கழகம் யாரும் இலவசமாகத் தேடிப் பார்க்கும்படி இணையத்தில் வைத்திருக்கிறது. அதில் இருக்கும் வேறொரு கடிதத்தை உங்கள் பார்வைக்கு வைக்கிறேன். லிங்கனின் மூத்த மகன் ராபர்ட் 1859-இல் ஹார்வர்டு நுழைவுத் தேர்வில் 16 பாடங்களில் 15-இல் தவறி, ஓராண்டு எக்சிட்டர் என்ற ஊரின் பள்ளியில் படித்துவிட்டு மறு ஆண்டு தேறினார். அந்த 1860-இல் ராபர்ட்டின் நண்பர் ஜார்ஜ் லேதம் தேறவில்லை. அதிபர் வேட்பாளராகிவிட்ட லிங்கன், ஜூலை 22 அன்று அந்த இளைஞருக்கு எழுதினார். நீ தேறவில்லை என்று அறிந்தபோது அடைந்த வேதனையைவிடப் பெரிதாக வாழ்வில் அதிகம் அடைந்ததில்லை என்றும், ஆனால் மனச்சோர்வு உன்னைப் பற்றிக்கொள்ள விடாவிட்டால் இது ஒன்றும் பெரிய இழப்பில்லை என்றும், எளிதாக இடம் பெற்ற பலரைவிட நீ சிறந்த கல்விமானாக வரமாட்டாய் என்பதற்கு இந்தத் தவறுதல் சான்றாகாது என்றும் அதில் சொல்கிறார். எழுதியவர் பள்ளிக்கூடம் சென்ற நாள்களையெல்லாம் கூட்டினாலும் ஓராண்டு தேறாது. நுழைவுத் தேர்வு முடிவு வரும் நாளில் கதவைச் சாத்திக்கொண்டு உட்காரும் பிள்ளைகள் உள்ள நம் வீடுகளில், எந்தக் கடிதத்தைச் சுவரில் ஒட்ட வேண்டும் என்று நீங்களே சொல்லுங்கள்.

என் பேத்தி பழைய தாளை ஓரமாக வைத்துவிட்டு, லேதமுக்கு எழுதிய கடிதத்தைப் பற்றியே பேசினாள். பேசி முடித்ததும் நடுவர் ஒருவர், 'ஆசிரியருக்கு எழுதிய கடிதத்தை விட்டுவிட்டாயே, அம்மா' என்று கேட்டாராம். அவள் விளக்கத் தொடங்குவதற்குள் அடுத்த பெயரை அழைத்துவிட்டார்கள். அவள் சொல்ல வந்ததை உங்கள் அடுத்த பதிப்பில் அச்சிட்டுத் தருமாறு கேட்டுக்கொள்கிறேன்.

அன்புடன்,
ஓய்வுபெற்ற நூலகர் ஒருவர்