சமரசம் சரி, அலைச்சல் எதற்கு?

ஆசிரியருக்கு,

பக்கத்து வீட்டுச் சண்டை சமரசத்தில் முடிந்தால் உயர் நீதிமன்றம் குற்ற வழக்கை ரத்து செய்வது வரவேற்கத்தக்கதே. தனிப்பட்ட தகராறுகளுக்கு இது பொருந்தும், கொலை, பாலியல் வன்கொடுமை போன்றவற்றுக்குப் பொருந்தாது என்று 2012இல் கியான் சிங் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் கோடு கிழித்துவிட்டது.

எனக்கு உறுத்துவது வேறு. சாக்கடைத் தண்ணீருக்காக மூண்ட கைகலப்பில்கூட, அடித்தார், மிரட்டினார் என்பதோடு ஆபாசமாகத் திட்டினார் என்ற பிரிவையும் போலீசார் சேர்த்துவிடுகிறார்கள். சிறு காயம் ஏற்படுத்தியதை மாஜிஸ்திரேட் முன்பே சமரசமாக முடிக்கலாம்; திட்டியதை முடிக்க முடியாது! அதற்கு வக்கீல் வைத்து சென்னையிலோ மதுரையிலோ உள்ள உயர் நீதிமன்றத்துக்கு அலைய வேண்டும். 2024இல் புதிய குற்றவியல் சட்டங்கள் வந்தபோதே இதைச் சரிசெய்திருக்கலாம்.

அதே நேரம், சமரசமாகிவிட்டதாகத் தாக்கல் செய்யும் பிரமாணப் பத்திரத்தில் புகார்தாரரின் கையெழுத்து இருப்பதாலேயே அது மனமொத்த சமரசம் ஆகிவிடாது. பணபலமும் சாதிபலமும் உள்ளவர் பக்கத்து வீட்டுக்காரராக இருந்தால், "வழக்கை வாபஸ் வாங்கு" என்பது வேண்டுகோளாகவா இருக்கும்? எதிர்த்தரப்பு இல்லாத இடத்தில் புகார்தாரரை அழைத்து நீதிபதி இரண்டு கேள்வி கேட்கட்டும்.

இப்படிக்கு,
வாசகர்